குளத்துக் காட்சி

அட்டன் கடைவீதி,
7 மார்ச் 1938

சிவசாமி அவர்களுக்கு,

நேற்று ஞாயிற்றுக்கிழமை பகல் இரண்டு மணிக் காட்சியில் உங்கள் 'விடுதி விநோதம்' என் கொட்டகையில் ஓடியது. அதில் என் மகன் இருக்கிறான். அவன் இறந்து பதினான்கு மாதம் ஆகிறது.

கொழும்பு ஏஜெண்டு மூலம் பேசி முடித்ததால் நமக்குள் அறிமுகம் இல்லை. நீங்கள் படம் எடுத்தவர், நான் அதை நாலு வாரத்துக்கு வாடகைக்கு எடுத்தவன். பெயர் வீரபத்திரன். பூண்டுலோயாவில் ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், கூலிக்காரர் வரிசை வீட்டில் வளர்ந்து, தலையில் துணி மூட்டை சுமந்து லயம் லயமாக விற்று, இன்றைக்கு அட்டனில் துணிக்கடையும் மளிகையும் வைத்திருக்கிறேன். கடைக்குப் பின்னால் தகரக் கொட்டகை போட்டு சனி, ஞாயிறு படம் காட்டுகிறேன். தோட்டத்து ஜனம் சாமிப் படத்துக்குத்தான் வரும். உங்களுடையது காலேஜுப் பையன்கள் அடிக்கிற கூத்து என்றார் ஏஜெண்டு. மலிவாக இருந்தது, எடுத்தேன். நான் படம் பார்க்கிறவன் இல்லை. வாசலில் நின்று டிக்கெட் கிழிப்பதோடு சரி.

மூன்றாவது ரீலைக் கழற்றி நாலாவதை மாட்டுகிற இடைவெளியில் மெஷின் ஓட்டுகிற பழனியாண்டி வெளியே வந்தான்.

"முதலாளி, உள்ள நம்ம சின்னராசா தம்பி இருக்காருங்க."

"காலையிலேயே போட்டுட்டியாடா?"

"தொட்டதில்லைங்க. நீங்களே வந்து பாருங்க."

ஐந்து மணிக் காட்சியில் உள்ளே போய் நின்று பார்த்தேன். விடுதிக்குப் புதிதாக வரும் மாணவனைப் பழைய மாணவர்கள் சூழ்ந்துகொண்டு, குளத்தில் மூழ்கி எழுந்தால்தான் அறைச் சாவி என்று சொல்லிப் படியிலிருந்து தள்ளுகிறார்கள். அவன் தாமரை இலையைத் தொப்பி மாதிரித் தலையில் வைத்துக்கொண்டு எழும்புகிறான். அவன் என் மகன். கோடு போட்ட கம்பளிச் சட்டை போட்டிருக்கிறான். கொட்டகை முழுக்கச் சிரித்தது. கொழுந்துக் கூடையை வெளியே வைத்துவிட்டு வந்த பெண்கள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தார்கள். எழும்பின பிறகு அவன் நம்மைப் பார்த்து ஏதோ சொல்கிறான். வாய் அசைகிறது. ஆனால் ஆர்மோனியம்தான் கேட்கிறது.

சென்னைக் கல்லூரியில் படிக்கும்போது விடுதியில் காய்ச்சல் கண்டு இறந்தான் என்று எனக்குத் தந்தி வந்தது. நான் கப்பல் ஏறி, ரயில் பிடித்து எழும்பூரில் இறங்கியபோது இரண்டு பையன்கள் அஸ்திப் பானையோடு நின்றார்கள். அப்புறம் விடுதியைப் போய்ப் பார்த்து என்ன ஆகப்போகிறது என்று ராமேசுவரத்தில் கரைத்துவிட்டு அப்படியே திரும்பிவிட்டேன். அவன் முகத்தைப் பார்க்கவில்லை. நேற்றுத்தான் பார்த்தேன்.

எனக்கு இரண்டு விஷயம் தெரிய வேண்டும். அந்தக் காட்சியை என்றைக்கு எடுத்தீர்கள்? அவன் என்ன சொல்கிறான்? வீட்டில் இன்னும் சொல்லவில்லை. பதில் உடனே போடவும்.

இப்படிக்கு,
வீ. வீரபத்திரன்


சென்னை,
16 மார்ச் 1938

மகாராஜராஜஸ்ரீ வீரபத்திரன் முதலாளி அவர்களுக்குச் சிவசாமி அநேக நமஸ்காரம்.

தங்கள் கடிதம் கிடைத்தது. புத்திர சோகம் பகைவனுக்கும் வரக்கூடாது. தங்களுக்கும் தங்கள் இல்லத்தாருக்கும் என் ஆழ்ந்த அனுதாபம்.

கேட்ட விஷயத்துக்கு வருகிறேன். என் படம் பெரிய கம்பெனிப் படம் அல்ல. ஒரு தோட்ட பங்களாவை மாதக்கூலிக்குப் பிடித்து, அதையே விடுதி என்றும், கல்லூரி என்றும், கதாநாயகியின் வீடு என்றும் மூன்று விதமாக வெள்ளையடித்து எடுத்த படம். மாணவ கோஷ்டிக்கு நடிகர் வைக்க வசதியில்லை. பக்கத்துக் கல்லூரிப் பையன்கள் விளையாட்டாக வருவார்கள். ஒரு வேளை இட்லியும் காப்பியும்தான் சம்பளம். அதில் யார் யார், எந்த ஊர் என்று எனக்கு எப்படித் தெரியும்? தங்கள் புத்திரர் அவர்களில் ஒருவராக இருந்திருக்கலாம். குளத்துக் காட்சி எடுத்தது ஆவணி மாதம், நல்ல வெயிலில். அவர் காலமானது மார்கழியில் என்றால் இதற்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்று தாங்களே அறிவீர்கள்.

என்ன சொன்னார் என்பது ஞாபகமில்லை. குளத்தங்கரைக்கு ஒலி யந்திரத்தைத் தூக்கிப் போக முடியாமல் ஊமையாக எடுத்து, பிறகு சங்கீதம் ஒட்டினோம்.

நாலு வாரம் ஆனதும் பிரிண்டைத் தவறாமல் திருப்பி அனுப்பவும். இருந்தவை இரண்டு. ஒன்று ரங்கூனில் கிழிந்து போயிற்று. படம் எங்கும் ஓடவில்லை. சித்திரை கழிந்ததும் வளையல் பட்டறைக்காரர் ஒருவர் பிரிண்டையும் நெகடிவையும் எடைக்கு எடுத்துக்கொள்கிறார். உருக்கி வளையலும் சீப்பும் செய்வாராம். அதில் வருகிற பணத்தில்தான் பங்களாக்காரர் பாக்கி தீர வேண்டும். நம் பிழைப்பு அப்படி.

தங்கள் விதேயன்,
சிவசாமி


அட்டன்,
27 மார்ச் 1938

சிவசாமி அவர்களுக்கு,

நீங்கள் எழுதியது பொய்.

அவன் போட்டிருக்கிற கம்பளிச் சட்டையைப் பற்றி முதல் கடிதத்திலேயே எழுதினேன். நீங்கள் கவனிக்கவில்லை. பழுப்பில் கறுப்புக் கோடு போட்ட அந்தத் துணியில் ஒரே ஒரு கட்டுத்தான் என் கடைக்கு வந்தது. வந்தது 1936 கார்த்திகையில். அதில் இரண்டு கஜம் வெட்டி, காலர் இல்லாமல், இடது பக்கம் பை வைத்து அவன் அம்மா கையால் தைத்துப் பார்சல் அனுப்பினாள். ஆவணியில் அந்தத் துணி கொழும்புக்கே வரவில்லை. ஆகவே நீங்கள் எடுத்தது மார்கழியில். நான் துணிக்காரன், ஐயா. வேறு எதில் ஏமாற்றினாலும் இதில் முடியாது.

கோர்ட்டு, போலீசு என்று பயப்பட வேண்டாம். அந்த எண்ணம் எனக்கில்லை. இருந்தால் முதல் கடிதமே வக்கீல் எழுதியிருப்பார்.

இங்கே நடப்பதையும் சொல்கிறேன். வீட்டில் தெரிந்துவிட்டது. காளியாயி என்று பூண்டுலோயாவில் எங்கள் பழைய லயத்து மனுஷி. அவனைச் சின்ன வயதில் தூக்கி வளர்த்தவள். அவள் படம் பார்த்துவிட்டு நேராக என் சமையல்கட்டுக்குப் போய் மீனம்மாவிடம் சொல்லிவிட்டாள். மீனம்மா என் மனைவி. மகன் போனதிலிருந்து வாசல் தாண்டாதவள், மறு சனிக்கிழமை போய் முதல் வரிசையில் உட்கார்ந்தாள். அதிலிருந்து ஒரு காட்சி விடுவதில்லை. மற்ற ரீலில் தலையைக் குனிந்துகொண்டிருப்பாள். மூன்றாவது ரீலில் நிமிர்வாள்.

காளியாயி திரைக்குக் கீழே வெற்றிலை பாக்கும் ஒரு சொம்புத் தண்ணீரும் கொண்டுவந்து வைத்தாள். இது என்ன கோயிலா என்று சத்தம் போட்டேன்.

"தாய் கையால கடைசித் தண்ணி வாங்காம போன புள்ளைங்க முதலாளி. அதான் தண்ணிக்குள்ளாறயே நிக்குது. நீங்க கரைச்சது சாம்பலைத்தானே, ஆளைப் பாத்தீங்களா?"

நான் வாசலுக்குத் திரும்பிவிட்டேன். அடுத்த ஞாயிறு கொத்மலைப் பக்கத்து லயங்களிலிருந்தெல்லாம் வந்தார்கள். அவரவர் வீட்டில் செத்தவருக்குச் சேர்த்து வெற்றிலை வைக்கிறார்கள். என் கொட்டகை நிறைந்து வழிகிறது. ஒரு வியாபாரி சந்தோஷப்பட வேண்டும். ஆனால் அந்தக் குளத்துக் காட்சி வரும்போது இப்போது யாரும் சிரிப்பதில்லை. சிரிப்புப் படத்துக்கு முந்நூறு பேர் வந்து இருமல்கூட இல்லாமல் உட்கார்ந்திருக்கிறார்கள். திரையில் உங்கள் பையன்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார்கள். ஆர்மோனியச் சத்தம் மட்டும் தகரத்தில் பட்டுத் திரும்புகிறது. அதைக் கேட்டுக்கொண்டு வாசலில் நிற்க முடியவில்லை.

பிரிண்டை இப்போது அனுப்ப மாட்டேன். வாடகையை மேலும் ஆறு வாரத்துக்கு இத்துடன் மணியார்டர் செய்திருக்கிறேன். உண்மையை எழுதுங்கள். மீனம்மா கேட்பது ஒன்றுதான். புள்ள என்ன சொல்லுது என்று.

வீரபத்திரன்


சென்னை,
8 ஏப்ரல் 1938

முதலாளி அவர்களுக்கு,

மணியார்டர் வந்தது. இந்தக் கடிதத்தை நாலு தரம் எழுதிக் கிழித்தேன்.

மார்கழிதான். ஒப்புக்கொள்கிறேன். அவனை எனக்குத் தெரியும். நாங்கள் அவனை 'சிலோன்' என்றுதான் கூப்பிடுவோம். அவன் விடுதியிலிருந்து வரவில்லை. விடுதியை விட்டு வந்தவன். பரீட்சையில் தவறிப்போய், கட்டணம் கட்டாமல், ஐப்பசியிலேயே அறையைக் காலி செய்துவிட்டான். பார்சல், கடிதம் எல்லாம் விடுதி நண்பர்கள் வாங்கிக் கொண்டுவந்து கொடுப்பார்கள். பங்களாவின் பின்கட்டில், துணிமணி வைக்கிற அறையில், நாடகக் கிரீடங்களுக்கு நடுவே படுத்துக்கொள்வான். எனக்குக் கணக்கு எழுதுவான், வசனம் படி எடுப்பான், விளக்குத் தூக்குவான்.

முதலில் அவனை நடிக்க வைக்கிற யோசனை இல்லை. ஒரு நாள் பசங்களுக்கு உங்கள் ஊர்ப் பெரட்டை நடித்துக் காட்டினான். விடிகாலையில் தோட்டத்தில் எல்லாரையும் வரிசையில் நிறுத்திப் பேர் கூப்பிடுவார்களாமே, அது. பேர் கூப்பிடுகிற கண்டாக்கையாவாகவும் அவனே, பேர் கொடுக்க ஓடி வருகிற கிழவனாகவும் அவனே. 'ஏன்டா லேட்டு?' 'துரைங்களுக்கு முன்னால சூரியனே எந்திரிக்கலைங்க ஐயா.' நாங்கள் தரையில் உருண்டு சிரித்தோம். என் சம்பள நடிகர் ஒருவருக்கும் அந்த முகம் கிடையாது. குளத்துக் காட்சியை அவனுக்கென்றே சேர்த்தேன்.

தாங்கள் என்மேல் கோபப்பட நியாயம் உண்டு. ஆனால் ஒன்று சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளவும். அந்தக் கம்பளிச் சட்டையின் இடது பையில் ஒரு கடிதம் இருக்கும். பசங்கள் கேலி செய்தால்கூட அதை எடுத்துக் காட்டிச் சிரிப்பான். 'பட்டம் வாங்கினால் வா, இல்லையென்றால் வராதே. தோற்றுப்போன சரக்கை நான் கடையில் வைப்பதில்லை.' கையெழுத்து யாருடையது என்று தங்களுக்கே தெரியும்.

காட்சியை ஒரே தரம்தான் எடுத்தேன். பிலிம் விற்கிற விலையில் இரண்டாம் தரம் எடுக்க எனக்கு நாதியில்லை. அது சத்தியம். அதற்குப் பிறகு அவனுக்குக் காய்ச்சல் வந்தது விதி. என்ன சொன்னான் என்பது மறந்துவிட்டது. இதோடு விட்டுவிடுங்கள்.

சிவசாமி


அட்டன்,
20 ஏப்ரல் 1938

சிவசாமி அவர்களுக்கு,

அந்தக் கடிதம் நான் எழுதியதுதான். ஒரு வார்த்தை மாறாமல் எழுதியிருக்கிறீர்கள். அவன் அதை எல்லாரிடமும் காட்டியிருக்கிறான் என்று தெரிந்துகொண்டேன்.

நான் அப்படித்தான் பேசுகிறவன். கடையாட்களிடம், தரகரிடம், மகனிடம் எல்லாரிடமும் ஒரே பேச்சு. லயத்தில் பிறந்தவன் பிள்ளை பட்டம் வாங்கி வந்து இந்தக் கடைவீதியில் நடக்க வேண்டும் என்று நினைத்தேன். அவன் தோற்றது தெரிந்த அன்று என்னை யாரோ மறுபடி மூட்டை தூக்கச் சொன்ன மாதிரி இருந்தது. எழுதிவிட்டேன். அவன் அம்மா எனக்குத் தெரியாமல் அந்தச் சட்டையை அனுப்பினாள். இரண்டும் அவனிடம் ஒன்றாகவே இருந்திருக்கிறது.

போகட்டும். இப்போது உங்கள் பக்கம் வருகிறேன்.

ஒரே தரம்தான் எடுத்தேன் என்கிறீர்கள். புத்தாண்டு மறுநாள் பழனியாண்டியும் நானும் மூன்றாவது ரீலைக் கடைக்குக் கொண்டுவந்து, துணி நெசவு எண்ணுகிற கண்ணாடியை வைத்து ஒவ்வொரு படமாகப் பார்த்தோம். உங்கள் பையன்கள் அவனைத் தள்ளுவதற்கு முன், அவன் இன்னும் படிமேல் நிற்கும்போதே, படிக்கல் ஈரம். அதில் வெறும் காலடிகள். ஏறி வந்த காலடிகள். தலையைத் துவட்டி எண்ணெய் வைத்துச் சீவிவிட்டிருக்கிறீர்கள். அது உங்கள் தொழில். சட்டையை என்ன செய்ய முடியும்? கம்பளி நனைந்தால் தன் பாரத்திலேயே இறங்கும். பிழிந்தாலும் பழைய அளவுக்கு ஏறாது. மீனம்மா இடுப்பளவு தைத்த சட்டை தொடை வரைக்கும் தொங்குகிறது. ஒரு தரம் நனைந்ததற்கு அவ்வளவு தொங்காது. பழனியாண்டிகூடக் கேட்டான். "தம்பிக்கு ஏங்க இவ்வளவு பெரிய சட்டை?"

எத்தனை தரம், சிவசாமி?

மீனம்மா இப்போது காட்சிக்கு வரும்போது மடியில் ஒரு துண்டு வைத்துக்கொண்டு வருகிறாள். பெட்டியிலிருந்து எடுத்த அவன் பழைய துண்டு. அவன் தண்ணீரிலிருந்து எழும்புகிற நேரம் இவளும் எழுந்து நிற்கிறாள். துண்டை விரித்துப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். பின்னால் உள்ளவர்களுக்கு மறைக்கிறது. ஒருத்தரும் உட்காரச் சொல்வதில்லை. அப்புறம் காட்சி மாறி உங்கள் கதாநாயகி பாட்டுப் பாட வந்துவிடுகிறாள். இவள் துண்டை மடித்துக்கொண்டு உட்காருகிறாள்.

வேறொன்றும் இருக்கிறது. அந்த ரீல் தேய்ந்துகொண்டு வருகிறது. ஓரத்துத் துளைகள் கிழிகின்றன. போன ஞாயிறு அந்த இடத்திலேயே அறுந்து, பழனியாண்டி ஒட்டினான். ஒட்டினதில் அவன் படியில் நிற்கிற இரண்டு விரற்கடை போயிற்று. இன்னும் பத்துக் காட்சி ஓட்டினால் அவன் முகம் கீறலாகிவிடும் என்கிறான். ஓட்டாவிட்டால் மீனம்மா சாப்பிட மாட்டேன் என்கிறாள். உங்களுக்கு அனுப்பினால் வளையல் பட்டறைக்குப் போகும். எனக்கு எதை எப்படி விலை பேசுவதென்று தெரியும். இதில் எந்தப் பக்கம் திரும்புவதென்று தெரியவில்லை. அவன் சொன்னது தெரிந்தால் அவளாவது அடங்குவாள் என்று நினைக்கிறேன்.

உங்களுக்கு ஞாபகம் இருக்கிறது. மறந்தவன் 'மறந்துவிட்டது' என்று இரண்டு கடிதத்தில் எழுத மாட்டான்.

வீரபத்திரன்


சென்னை,
3 மே 1938

ஐயா,

ஆறு தரம்.

ஒரே தரம் எடுத்தேன் என்றது பொய்யல்ல. காமிராவை ஒரே தரம்தான் ஓட்டினேன். எங்களைப் போன்ற தரித்திரக் கம்பெனிகளில் வழக்கம் அது. பிலிமுக்குத்தான் காசு. ஆகையால் காமிராவை ஓட்டாமலே, எல்லாம் சரியாக வரும்வரை ஒத்திகை பார்ப்போம். சரியாக வந்த பிறகே கைப்பிடியைச் சுற்றுவோம். சாப்பிடுகிற காட்சி என்றால் வெறும் இலை, அழுகிற காட்சி என்றால் வெறும் முகம். குளத்துக் காட்சிக்கு வெறும் என்று எதை வைப்பது? தண்ணீருக்குக் காசில்லை. மார்கழிக் காலை, ஏழு மணி, மூடுபனி. அவனை ஐந்து தரம் தள்ளினோம். இலை தலையில் உட்காரவில்லை. ஒரு தரம் காதில் தொங்கிற்று, ஒரு தரம் மூழ்கிப் போயிற்று. ஒவ்வொரு தரமும் ஏறி வந்து, தலையைத் துவட்டிக்கொண்டு, அவனே மறுபடி படியில் போய் நிற்பான். ஐந்தாவது தரம் பற்கள் அடித்துக்கொள்வது எனக்குக் கேட்டது. வேறு சட்டை கொடுக்கலாம் என்றால், தொடர்ச்சி கெடும் என்று நானே தடுத்தேன். அந்தச் சட்டையோடு முன் காட்சி எடுத்தாகிவிட்டது.

ஆறாவது தரம் கைப்பிடியைச் சுற்றினோம். இலை கிரீடம் மாதிரி உட்கார்ந்தது. அவன் எழும்பிக் காமிராவுக்குப் பக்கத்தில் நின்ற என்னைப் பார்த்தான். சிரித்துக்கொண்டேதான் கேட்டான்.

"அண்ணே, இன்னொரு தடவையாண்ணே?"

அதுதான் அவன் சொன்னது. ஒத்திகையா, எடுத்தாயிற்றா என்று அவனுக்குத் தெரியவில்லை. நான் கையை அசைத்துப் போதும் என்றேன். அந்தக் கை படத்தில் வராது.

அன்று சாயங்காலமே சுரம். விடுதி வைத்தியர் பார்க்க மாட்டார், அவன் விடுதியில் இல்லையே. தர்ம ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனபோது ஐந்தாம் நாள். தந்தி கொடுத்தது நான்தான். 'விடுதி' என்று போட்டால் தங்களுக்கு மரியாதையாக இருக்கும் என்று அவன் நண்பர்கள் சொன்னார்கள். எனக்கும் அது சௌகரியமாக இருந்தது. எழும்பூரில் நான் தூணுக்குப் பின்னால் நின்றேன். தாங்கள் பானையை வாங்கி, அது சுடுகிறதா என்று பார்க்கிற மாதிரி ஒரு கையால் தொட்டீர்கள்.

ஒலி ஒட்டுகிற அன்று அந்த இடத்துக்கு ஆர்மோனியத்தைப் பலமாகப் போடச் சொன்னது நான். என் கண் உதட்டைப் படித்துவிடும், காதையாவது மூடலாம் என்று. மூடவில்லை. யாராவது வாசலில் செருப்பைக் கழற்றினால்கூட அவன் கேட்கிற மாதிரி இருக்கிறது.

வளையல்காரரிடம் இல்லை என்று சொல்லிவிட்டேன். பிரிண்டைத் தாங்களே வைத்துக்கொள்ளுங்கள். நெகடிவையும் அனுப்புகிறேன். காசு வேண்டாம்.

சிவசாமி


அட்டன்,
19 மே 1938

சிவசாமிக்கு,

உங்கள் கடிதம் ஏழாம் தேதி சனிக்கிழமை காலையில் வந்தது. அன்று இரண்டு மணிக்குக் காட்சி. வாசலில் ஆள் சேர்ந்தாயிற்று. மீனம்மா துண்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு புறப்பட்டு நின்றாள். கடையில் உட்காரவைத்து முழுக்கப் படித்துக் காட்டினேன். எதையும் விடவில்லை. என் கடிதத்தைப் பற்றி நீங்கள் முன்னே எழுதியதையும் அன்றைக்குத்தான் சேர்த்துப் படித்தேன்.

அவள் அழவில்லை. துண்டை மடியிலிருந்து எடுத்து மேசைமேல் வைத்தாள்.

"எத்தனை நாளா ஓட்டுறோம்?"

"மார்ச்சு ஆறுலேருந்து."

"எத்தனை தடவை?"

கணக்குப் பார்த்தேன். வருஷப் பிறப்பன்று ஓட்டியதையும் சேர்த்து இருபத்தேழு.

"அவரு ஆறு தடவை தள்ளினாரு," என்றாள். "நாம இருபத்தேழு தடவை தள்ளியிருக்கோம். ஒவ்வொரு தடவையும் புள்ள கேட்டுட்டுத்தான் இருந்திருக்கான். நான் துண்டைப் பிடிச்சிக்கிட்டு நின்னனே தவிர, போதும்னு ஒரு வார்த்தை சொல்லலை."

நானே எழுந்து கொட்டகைக்குப் போனேன். காட்சி இல்லை, டிக்கெட் காசைத் திருப்பி வாங்கிக்கொள்ளுங்கள் என்றேன். ஒரு ஆள்கூடக் காசு கேட்கவில்லை. காளியாயி மட்டும் கேட்டாள். "தம்பி கரையேறிடுச்சாங்க?" ஆமாம் என்றேன். என் வாழ்நாளில் கையில் சரக்கு இல்லாமல் கொடுத்த வாக்கு அது ஒன்றுதான். அவள் சொம்புத் தண்ணீரை எடுத்துப்போய் வெளியே வேலியோரம் ஊற்றினாள். லயத்து ஜனம் மழையில் திரும்பிப் போயிற்று.

அன்றே உங்களுக்குத் தந்தி அடித்தேன். நீங்களும் சம்மதம் என்று மறுதந்தி அடித்துவிட்டீர்கள். தந்தியில் சுருக்கமாக இருக்கும், பின்னால் பேச்சு மாறக்கூடாது என்பதால் பேசியதை இங்கே எழுதி வைக்கிறேன்.

காசு வேண்டாம் என்றீர்கள். இனாமாக வாங்கிய பொருளுக்கு நிபந்தனை போட முடியாது. ஆகவே விலைக்கு வாங்குகிறேன். 'விடுதி விநோதம்' பிரிண்டு ஒன்றும் நெகடிவும் சேர்த்து நூற்றெண்பது ரூபாய். வளையல்காரர் தருவதாகச் சொன்னதும் அதுதான் என்று கொழும்பு ஏஜெண்டு விசாரித்துச் சொன்னார். அதற்கு மேல் ஒரு சல்லி தர மாட்டேன், குறைத்தும் தர மாட்டேன். இனி அந்தப் படத்தை எந்த ஊரிலும், எந்தக் கொட்டகையிலும், யாரும் ஓட்டக்கூடாது. ரங்கூன் பிரிண்டில் ஏதாவது துண்டு மிஞ்சியிருந்தால் அதுவும் எனக்குச் சேர வேண்டும்.

அவனைத் தள்ளுவதற்கு முன், படிமேல் நின்று தலையைக் கோதிக்கொள்கிற இடம் கொஞ்சம் இருக்கிறது. பழனியாண்டி அதை மட்டும் வெட்டிக் கொடுத்தான். மீனம்மா அந்தத் துண்டில் சுற்றிப் பெட்டியில் வைத்திருக்கிறாள். ஓட்டுவதற்கு அல்ல. மற்றதை என்ன செய்வது என்று நெகடிவு வந்த பிறகு அவள் சொல்வாள்.

நெகடிவைப் பார்சலில் அனுப்பக்கூடாது. நீங்களே கொண்டுவர வேண்டும். இது மீனம்மா போட்ட நிபந்தனை. உங்களைத் திட்டுவதற்கில்லை. எனக்கே இன்னும் ஒரு வார்த்தை திட்டு விழவில்லை, காத்துக்கொண்டிருக்கிறேன். அவன் உங்கள் முன்னால் அந்தப் பெரட்டை நடித்துக் காட்டியதாக எழுதினீர்களே, அதை நீங்கள் எங்கள் முன்னால் நடித்துக் காட்ட வேண்டும். கண்டாக்கையா எப்படி நின்றான், கிழவன் எப்படி ஓடி வந்தான், எல்லாம். எங்களிடம் அவன் அப்படி ஒரு நாளும் நடித்துக் காட்டியதில்லை. நான் வீட்டில் இருக்கும்போது அவன் சத்தமே கேட்காது.

ஜூன் பத்தாம் தேதிக்குள் வந்து சேரவும். தலைமன்னாரில் இறங்கிப் பொல்காவலையில் வண்டி மாற வேண்டும். அட்டன் ஸ்டேஷனில் யாரைக் கேட்டாலும் கடையைக் காட்டுவார்கள். அந்த மாதம் இங்கே ஓயாத மழை, நல்ல குளிர். கம்பளிச் சட்டை எடுத்துவரவும். இல்லாவிட்டால் என் கடையில் இருக்கிறது. விலை இரண்டே முக்கால் ரூபாய். உங்களுக்கும் அதே விலைதான்.

வீ. வீரபத்திரன்